சத்தத்தைத் தள்ளாதவர்: மார்ட்டன் ஃபெல்ட்மனும் நியூயார்க் ஓவியர்களும் – ஒரு நிகழ்வு ஆய்வு

இசையையும் ஓவியத்தையும் சேர்த்துப் பேச ஆரம்பித்தால் பேச்சு சீக்கிரமே ஆகாயத்தில் ஏறிவிடும். ‘வண்ணங்களைக் காதால் கேட்டார்’, ‘நாதத்தால் வரைந்தார்’ என்று எழுதிவிடலாம். யாரும் மறுக்க மாட்டார்கள், யாருக்கும் எதுவும் விளங்கியும் இருக்காது. அதைவிட ஒரே ஒருவரைப் பிடித்துக்கொண்டு, அவர் ஓவியர்களிடமிருந்து எதை எடுத்தார், எடுத்ததை இசைத்தாளில் எந்த இடத்தில் வைத்தார், எது அவருக்கு ஒத்துவரவில்லை என்று பார்ப்பது உருப்படியான வேலை. அதற்குத் தோதான ஆள் அமெரிக்க இசையமைப்பாளர் மார்ட்டன் ஃபெல்ட்மன்.

1926-ல் நியூயார்க்கில் பிறந்தவர், 1987-ல் பஃபலோ நகரில் இறந்தார். நாற்பது வயது தாண்டும்வரை குடும்பத்தின் துணி வியாபாரத்தில் வேலை பார்த்துக்கொண்டே இசை எழுதியவர். பருத்த உடம்பு, தடித்த மூக்குக் கண்ணாடி, விரலிடுக்கில் சிகரெட், ஓயாத வாய். அந்த வாய்க்குச் சொந்தக்காரரிடமிருந்து வந்த இசையோ பெரும்பாலும் காதைத் தீட்டிக்கொண்டு கேட்க வேண்டிய அளவுக்கு மெல்லியது. பாடம் கற்றது ஸ்டெஃபான் வோல்பெ போன்ற இசையமைப்பாளர்களிடம் என்றாலும், தன்னை உருவாக்கியவர்கள் ஓவியர்கள்தான் என்று கடைசிவரை சொல்லிக்கொண்டிருந்தார். ஜாக்சன் பொல்லாக், மார்க் ராத்கோ, ஃபிரான்ஸ் க்ளைன், வில்லெம் டி கூனிங், ராபர்ட் ராஷன்பெர்க், எல்லோருக்கும் மேலாக ஃபிலிப் கஸ்டன். அந்தக் காலத்தின் சமகால ஓவியம் என்றால் இவர்கள்தான்.

ஃபெல்ட்மன் இவர்களின் படங்களை இசையாக ‘மாற்றவில்லை’ என்பதுதான் இந்த ஆய்வில் நான் காட்ட நினைப்பது. அவர் எடுத்துக்கொண்டது ஒரு வேலைப் பழக்கத்தை: ஒன்றைப் பரப்பின் மேல் வை, பின்னால் தள்ளி நின்று பார், அதை எங்கேயும் இழுத்துக்கொண்டு போகாதே. இந்தப் பழக்கம் அவரை எவ்வளவு தூரம் கொண்டுபோனது என்பதும், நெருங்கிய நண்பரின் விஷயத்தில் எங்கே கைவிட்டது என்பதும் சேர்ந்ததுதான் கதை.

கார்னெகி ஹால் வாசலிலிருந்து சீடார் பார் வரை

1950 ஜனவரியில் கார்னெகி ஹாலில் நியூயார்க் ஃபில்ஹார்மோனிக் குழு ஆன்டன் வெபர்னின் சிம்பொனியை வாசித்தது. கூட்டத்துக்குப் பிடிக்கவில்லை. அது முடிந்ததும், அடுத்த உருப்படியைக் கேட்க மனமில்லாமல் வெளியே வந்த ஃபெல்ட்மனும் இசையமைப்பாளர் ஜான் கேஜும் முகப்புக் கூடத்தில் சந்தித்துக்கொண்டார்கள். கொஞ்ச நாளிலேயே ஃபெல்ட்மன் கேஜ் குடியிருந்த பழைய கட்டடத்துக்கே ஜாகை மாற்றிக்கொண்டார். கேஜ் மூலமாகத்தான் கஸ்டனும் மற்றவர்களும் அறிமுகம்.

இந்த ஓவியர்கள் கூடும் இடம் சீடார் பார். மாலை ஆறு மணிக்கு உள்ளே போனால் அதிகாலை மூன்று மணிக்குக் கடை மூடும்வரை பேச்சுதான், ஐந்து வருடம் தினமும் இப்படித்தான் என்று ஃபெல்ட்மன் பின்னாளில் எழுதினார். மிகைப்படுத்தாமல் சொல்கிறேன் என்று வேறு சேர்த்துக்கொண்டார். அப்படி ஒருவர் சொன்னால் கொஞ்சம் தள்ளுபடி போட்டுத்தான் கேட்க வேண்டும். ஆனால் தள்ளுபடி போனாலும் மிஞ்சுவது நிறைய. இசைக்கூடங்களில் ஆதரவு இல்லாத ஓர் இளைஞருக்கு, ‘நீ செய்வது சரியா’ என்று கேட்காமல் ‘அடுத்தது என்ன’ என்று கேட்கும் ஆட்கள் அங்கே கிடைத்தார்கள்.

அந்த வட்டத்தின் தன்மையைக் காட்ட ஒரு சம்பவம் போதும். ராஷன்பெர்க்கின் ஸ்டூடியோவில் ஒரு பெரிய கருப்பு ஓவியம் இருந்தது. செய்தித்தாளை ஒட்டி அதன் மேல் கருப்புச் சாயம் பூசியது. ஃபெல்ட்மன் அதையே பார்த்துக்கொண்டிருந்ததைக் கண்ட ராஷன்பெர்க், வேண்டுமானால் எடுத்துக்கொள் என்றார். என்ன விலை என்று கேட்டதற்கு, சட்டைப்பையில் இருப்பதைக் கொடு என்று பதில். இருந்தது 16 டாலரும் கொஞ்சம் சில்லறையும். வியாபாரம் முடிந்தது, படம் ஃபெல்ட்மனின் வீட்டுச் சுவருக்கு வந்தது. அதோடு பல நாள் இருந்து பார்த்ததில், வாழ்க்கையாகவும் இல்லாமல் கலையாகவும் இல்லாமல் இரண்டுக்கும் நடுவில் எங்கேயோ நிற்கும் ஒன்றைத் தானும் செய்ய வேண்டும் என்ற எண்ணம் வந்ததாகச் சொன்னார். ஒரு படத்தைக் கண்காட்சியில் அரை மணி நேரம் பார்ப்பதும், காப்பி குடிக்கும்போதும் பல் துலக்கும்போதும் அது கண்ணில் பட்டுக்கொண்டே இருப்பதும் ஒன்றல்ல. ஃபெல்ட்மன் ஓவியர்களிடம் கற்றதில் பாதி இந்த இரண்டாவது வகைப் பழக்கத்தில் வந்தது என்றுதான் எனக்குப் படுகிறது.

கேஜும் இதே ராஷன்பெர்க்கிடம் கடன்பட்டவர்தான். ராஷன்பெர்க் 1951-ல் வரைந்த வெறும் வெள்ளை ஓவியங்கள், அடுத்த வருடம் கேஜ் வெளியிட்ட 4 நிமிடம் 33 விநாடி நீளமுள்ள மௌனப் படைப்புக்குத் துணிச்சல் கொடுத்தன. ஆனால் கேஜ் எடுத்தது ஒரு கருத்தை. ஃபெல்ட்மனுக்குக் கருத்துகளில் அவ்வளவு பிடிப்பில்லை. கை எப்படி இறங்குகிறது, சாயம் எங்கே நிற்கிறது, ஓரம் எப்படி இருக்கிறது என்பதில்தான் அவர் கண்.

சுவரில் ஒட்டிய கட்டத்தாள்

கேஜ் வீட்டில் ஒருநாள் சாப்பாடு. அரிசி வேகத் தாமதமானது. காத்திருந்த ஃபெல்ட்மன் பக்கத்து அறையில் கேஜின் மேஜை முன் உட்கார்ந்து ஒரு தாளை எடுத்துக் கட்டங்களாகக் கிறுக்க ஆரம்பித்தார். அதிலிருந்து பிறந்தது வரைகட்ட முறை இசைக்குறிப்பு. 1950, 51-ல் எழுதிய ‘புரொஜெக்‌ஷன்’ வரிசை முழுவதும் இந்த முறையில்தான்.

முதலாவதான தனிச் செல்லோ உருப்படியின் தாளைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். ஐந்து கோடு இல்லை, ஸ்வரக் குறி இல்லை. மூன்று வரிசைகள்: ஒன்று வில்லால் வாசிக்க, ஒன்று விரலால் மீட்ட, ஒன்று தந்தியை லேசாகத் தொட்டு எழுப்பும் மெல்லிய மேல்நாதத்துக்கு. ஒவ்வொரு வரிசையிலும் சிறு சதுரமோ நீள்சதுரமோ மேலே, நடுவே, கீழே என்று எங்காவது ஓர் உயரத்தில் நிற்கும். மேலே என்றால் உச்ச ஸ்தாயி, நடுவே என்றால் மத்திமம், கீழே என்றால் மந்தரம். எந்த ஸ்வரம் என்பது வாசிப்பவரின் இஷ்டம். இடமிருந்து வலமாகக் காலம், நிமிடத்துக்கு 72 என்ற வேகத்தில் ஓடுகிறது. கட்டம் நீளமாக இருந்தால் ஓசை நீளம், சிறியதாக இருந்தால் ஓசை குறுக்கம். தாளின் பெரும்பகுதி வெற்றிடம். இசை தெரியாதவர் பார்த்தாலும் எங்கே அடர்த்தி, எங்கே காலி என்று சொல்லிவிட முடியும்.

இந்தத் தாள்களை அவர் சுவரில் ஒட்டி வைத்து வேலை செய்தார். மேஜையில் குனிந்து ஒரு ஸ்வரத்திலிருந்து அடுத்த ஸ்வரத்துக்குப் போகாமல், நின்றபடி மொத்தத்தையும் பார்த்து, வலது மூலையில் ஒன்றை வைத்துவிட்டு இடது பக்கம் வந்து இன்னொன்றை வைப்பது. பொல்லாக் கித்தானைத் தரையில் விரித்து நாலு பக்கமும் சுற்றி நடந்து சாயம் ஊற்றிய முறைக்கும் தன் சுவர்த் தாள்களுக்கும் உள்ள ஒற்றுமை பின்னால் யோசித்தபோதுதான் புரிந்தது என்று அவரே எழுதியிருக்கிறார். ஒவ்வொரு தாளும் ஒரே அளவு காலத்தைச் சட்டமிட்டு நிறுத்தியது. அதாவது காலம் அவருக்கு ஓடும் நேர்க்கோடாக இல்லாமல், மேலே எதையாவது வைக்கக்கூடிய பரப்பாகிவிட்டது. தன் படைப்புகளைக் ‘காலக் கித்தான்கள்’ என்று பின்னாளில் அவர் அழைத்தது இதை வைத்துத்தான்.

சரி, இது வெற்றியா? பாதிதான். ஸ்வரத்தை வாசிப்பவர் கையில் கொடுத்தால், வாசிப்பவர் தனக்குப் பழகிய ராகத் துணுக்குகளையும் விரல் வழக்கங்களையும் கொண்டுவந்து கொட்டுகிறார். சத்தத்துக்கு விடுதலை கொடுக்கப் போய், வாசிப்பவரின் பழக்கதோஷத்துக்கு விடுதலை கொடுத்தது போலாயிற்று. பொல்லாக்கின் கையிலிருந்து சொட்டிய சாயம் பொல்லாக்கின் சாயம்தான், நடுவில் ஆள் கிடையாது. இசையில் எழுதுபவருக்கும் ஓசைக்கும் இடையில் இன்னொரு மனிதர் உட்கார்ந்திருக்கிறார். ஓவியத்திலிருந்து இசைக்கு ஒன்றைக் கொண்டுவரும் எவரும் இடறும் கல் இது. ஃபெல்ட்மன் வரைகட்டத்தை விட்டு, திரும்ப எடுத்து, 1967-க்குப் பிறகு அடியோடு கைவிட்டார். ஸ்வரங்களைத் தானே குறிக்க ஆரம்பித்தார். ஆனால் சுவர்ப் பார்வை மட்டும் போகவில்லை. கடைசிக் கால இசைத்தாள்களில்கூட ஒரு வரிக்கு இத்தனை அளவைகள் என்று சமமாகப் பிரித்துப் பக்கத்தையே கட்டமாக்கி வைத்துக்கொண்டு எழுதினார்.

எழுதியது பேனா மையில், பென்சிலில் அல்ல. அடித்துத் திருத்த ஆரம்பித்தால் கவனம் சிதறுகிறது என்று பொருள், அன்றைக்கு எழுந்துவிட வேண்டியதுதான் என்பார். ஈரச் சாயத்தின் மேல் தூரிகை வைப்பவரின் பதற்றத்தை இசைத்தாளுக்குக் கொண்டுவர இதைவிட எளிய வழி கிடையாது.

பொல்லாக்கோடு நேரடித் தொடர்பும் உண்டு. ஹான்ஸ் நமுத்தும் பால் ஃபால்கன்பெர்க்கும் பொல்லாக் வேலை செய்வதைப் படமாக்கி 1951-ல் வெளியிட்டார்கள். பொல்லாக்கின் மனைவியும் ஓவியருமான லீ கிராஸ்னர் அந்தப் படத்துக்கு இசை அமைத்துத் தரும்படி முதலில் கேட்டது கேஜிடம். பொல்லாக்கைப் பிடிக்காத கேஜ் கையை விரித்து ஃபெல்ட்மனைக் காட்டிவிட்டார். 25 வயது ஃபெல்ட்மன் இரண்டு செல்லோக்களுக்கு எழுதினார். கூலியாக வந்தது பணம் அல்ல, பொல்லாக்கின் மைச் சித்திரம் ஒன்று. வோல்பெயிடம் பாடம் கேட்ட நாட்களில், தெருவில் போகும் சாதாரண மனிதனுக்காகவும் எழுத வேண்டாமா என்று குரு கேட்க, ஜன்னல் வழியே பார்த்தால் தெருவைக் கடந்துகொண்டிருந்தவர் ஜாக்சன் பொல்லாக் என்று ஒரு கதையையும் ஃபெல்ட்மன் விரும்பிச் சொல்வார். கொஞ்சம் அளவுக்கு மீறிக் கச்சிதமான கதை.

தலைப்பை நம்பி ஏமாறுவது

‘டி கூனிங்’, ‘ஃபிரான்ஸ் க்ளைனுக்காக’, ‘ராத்கோ சேப்பல்’, ‘ஃபிலிப் கஸ்டனுக்காக’ என்று அவர் படைப்புகளின் பட்டியலைப் பார்ப்பவர்கள், ஒவ்வொன்றும் அந்த ஓவியரின் பாணிக்கு இசை வடிவம் என்று எடுத்துக்கொள்கிறார்கள். நிகழ்ச்சிக் குறிப்புகளில் இந்தத் தவறு அடிக்கடி வருகிறது. ‘டி கூனிங்’ 1963-ல் நமுத் எடுத்த இன்னொரு ஆவணப்படத்துக்கான பின்னணி இசை. ‘ஃபிரான்ஸ் க்ளைனுக்காக’ 1962-ல் க்ளைன் இறந்த வருடம் எழுதிய நினைவஞ்சலி. க்ளைனின் தடித்த கருப்புத் தூரிகை வீச்சுகளை மனதில் வைத்துக்கொண்டு கேட்டால் குழப்பம்தான் மிஞ்சும், உள்ளே இருப்பது ஒன்றை ஒன்று தொடாமல் மிதக்கும் மெல்லிய ஓசைகள். பெயர்கள் சமர்ப்பணங்கள். அவற்றை விளக்கக் குறிப்பாகப் படிக்கக் கூடாது.

பரிமாற்றம் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கமும் போனது. 1959-ல் கொலம்பியா நிறுவனம் வெளியிட்ட ஃபெல்ட்மன் இசைத்தட்டின் உறையில் கஸ்டனின் சித்திரம். 1967-ல் ஹூஸ்டன் நகரின் செயின்ட் தாமஸ் பல்கலைக்கழகத்தில் ‘ஆறு ஓவியர்கள்’ என்ற கண்காட்சியைத் தேர்வு செய்து அமைத்ததில் ஃபெல்ட்மனுக்குப் பெரும் பங்கு: மோன்ட்ரியான், பொல்லாக், டி கூனிங், க்ளைன், ராத்கோ, கஸ்டன். ஆறும் ஆண்கள் என்பதை இன்று கவனிக்காமல் இருக்க முடியாது. கிராஸ்னர் அவருக்கு வேலை வாங்கிக் கொடுத்தார், பட்டியலில் இடம் கிடைக்கவில்லை. 1969 முதல் 1971 வரை நியூயார்க் ஸ்டூடியோ ஸ்கூல் என்ற ஓவியப் பள்ளிக்கு முதல்வராகவும் இருந்தார். தூரிகை பிடிக்காத ஓர் இசைக்காரரை ஓவியப் பள்ளிக்குத் தலைமை தாங்கக் கூப்பிட்டது, அந்த வட்டம் அவரை எப்படிப் பார்த்தது என்பதற்குப் போதுமான சாட்சி.

தலைப்புக்கும் உள்ளடக்கத்துக்கும் உண்மையான தொடர்பு இருக்கும் ஒரே பெரிய விதிவிலக்கு ‘ராத்கோ சேப்பல்’.

எண்கோண அறை

ஹூஸ்டனில் ஜான் டி மெனில், டொமினிக் டி மெனில் தம்பதி கட்டிய எண்கோண வடிவத் தியான மண்டபம் அது. உள்ளே ராத்கோவின் 14 ஓவியங்கள். மூன்று மூன்றாகச் சேர்ந்த மூன்று தொகுதிகளும், தனியாக ஐந்தும். கருப்பு, அடர்ஊதா, கருஞ்சிவப்பு; முதல் பார்வைக்கு எல்லாமே இருட்டு. கண் பழகப் பழகத்தான் உள்ளிருக்கும் நிறங்கள் பிரிந்து தெரிய வரும். ராத்கோ 1970 பிப்ரவரியில் தற்கொலை செய்துகொண்டார், மண்டபம் திறக்கப்பட்டது 1971 பிப்ரவரியில். திறப்பு விழாவுக்கு வந்திருந்த ஃபெல்ட்மனிடம், ராத்கோ நினைவாக இந்த அறையிலேயே வாசிக்கும்படி ஒன்று எழுதித் தர முடியுமா என்று டி மெனில் தம்பதி கேட்டார்கள். முதல் நிகழ்ச்சி 1972-ல் அங்கேயே நடந்தது.

ஃபெல்ட்மன் அறைக்குள் நின்று கவனித்தது இருட்டை அல்ல, ஓரத்தை. ராத்கோவின் நிறம் கித்தானின் விளிம்புவரை போய் நிற்கிறது, சட்டத்துக்குள் ஒதுங்கி ‘இதோ படம்’ என்று காட்டிக்கொள்வதில்லை. இசையும் அப்படியே அறை முழுக்கப் பரவ வேண்டும், மேடையில் நடப்பதைத் தூரத்திலிருந்து கேட்பதாக இருக்கக் கூடாது என்று முடிவு செய்தார். எந்தெந்தக் கருவி, எவ்வளவு குரல், எது எதற்கு எதிர்ப்புறம் என்பதை அந்த அறையும் ஓவியங்களுமே தீர்மானித்தன. கோரஸ் பிரிந்து நின்று வார்த்தையில்லாமல் முனகுகிறது. அதோடு ஒரு சோப்ரானோ, ஒரு ஆல்ட்டோ, வயோலா, செலஸ்டா, தாளக் கருவிகள். அவ்வளவுதான் படை.

சுமார் 25 நிமிடம். தொடக்கத்தில் வயோலா பேசுவது போல எழும்புகிறது, டிம்பனி அடியில் உருளுகிறது. அடுத்து கோரஸும் மணிகளும் மட்டும் நகராமல் நிற்கும் ஒரு பகுதி, ராத்கோவுக்கு மிக அருகில் வரும் இடம் இதுதான். மூன்றாவதில் சோப்ரானோவின் ஒரு சின்ன மெட்டு. இகோர் ஸ்ட்ராவின்ஸ்கியின் இறுதிச் சடங்கு நியூயார்க்கில் நடந்த நாளில் எழுதியது என்று ஃபெல்ட்மன் குறித்து வைத்திருக்கிறார். அதுவரை எல்லாம் எதிர்பார்த்த ஃபெல்ட்மன்.

கடைசிப் பகுதியில் வைப்ரஃபோன் நாலு ஸ்வரத்தைத் திரும்பத் திரும்ப ஆட்டிக்கொண்டிருக்க, வயோலா ஒரு முழு மெட்டை வாசிக்கிறது. யூத வழிபாட்டுப் பாடலின் சாயல் கொண்ட, மனதில் முனகிக்கொண்டே வீட்டுக்குப் போகக்கூடிய மெட்டு. 15 வயதில் தான் எழுதியதை எடுத்து அப்படியே வைத்தார். இருபது வருடமாக மெட்டு, தாளம், கதை எதுவும் ஒட்டாமல் ஓசையைத் துடைத்துத் துடைத்து வைத்தவர், அரூப ஓவியத்தின் ஆகப் பெரிய மண்டபத்துக்காக எழுதும்போது, கடைசியில் அடையாளம் தெரியும் ஓர் உருவத்தைக் கொண்டுவந்து நிறுத்துகிறார். இந்த இடத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கஸ்டன் விஷயத்துக்கு இது தேவைப்படும்.

கஸ்டன்

கஸ்டன் 1913-ல் பிறந்தவர், ஃபெல்ட்மனுக்கு 13 வயது மூத்தவர். இளமையில் சுவர்ச் சித்திரங்களில் மனித உருவங்கள் வரைந்து பெயர் வாங்கி, 1950 வாக்கில் அரூபத்துக்கு வந்தார். 50-களின் அவருடைய ஓவியங்களில் இளஞ்சிவப்பும் சாம்பலுமான குட்டிக் குட்டித் தூரிகைத் தொடல்கள் கித்தானின் நடுவில் ஒன்றுகூடி, எதுவாகவும் ஆகாமல் நிற்கும். ஃபெல்ட்மனின் அந்தக் கால இசைக்கு மிக நெருங்கிய உறவு இந்தப் படங்கள்தான். ஒவ்வொரு தொடலும் தயங்கி வைக்கப்பட்டது, ஆனால் வைத்த பிறகு உறுதியாக நிற்கிறது. தன் இசையில் ஒவ்வொரு ஸ்வரமும் தொடக்கத்தில் இடி இல்லாமல், எங்கிருந்து வந்தது என்று தெரியாமல் எழ வேண்டும் என்று ஃபெல்ட்மன் வாசிப்பவர்களைப் படுத்தியது இந்தத் தொடலைப் பார்த்துத்தான் இருக்க வேண்டும்.

ஜெர்மன் இசையமைப்பாளர் கார்ல்ஹைன்ஸ் ஸ்டாக்ஹவுசன் ஒருமுறை அவரிடம் உன் ரகசியம் என்ன என்று கேட்டாராம். ரகசியம் ஒன்றுமில்லை, சத்தங்கள் மனிதர்கள் மாதிரி, தள்ளினால் திருப்பித் தள்ளும், அதனால் நான் தள்ளுவதில்லை என்று பதில் சொன்னார் ஃபெல்ட்மன். ஸ்டாக்ஹவுசன் குனிந்து, கொஞ்சம்கூடவா தள்ள மாட்டாய் என்று கேட்டார்.

1970 அக்டோபரில் நியூயார்க்கின் மார்ல்பரோ காலரியில் கஸ்டனின் புதிய ஓவியங்கள் வந்தன. அரூபம் போய்விட்டது. முகமூடி அங்கி போட்ட கு க்ளக்ஸ் க்ளான் என்ற வெள்ளை இனவெறிக் கும்பலின் ஆட்கள் கேலிச்சித்திரம் போலக் காரில் போகிறார்கள், சுருட்டுப் பிடிக்கிறார்கள். ஆணியடித்த செருப்பின் அடிப்பாகங்கள், தொங்கும் பல்புகள், கடிகாரங்கள். விமர்சகர்கள் கிழித்துத் தோரணம் கட்டினார்கள். ‘நியூயார்க் டைம்ஸ்’ விமர்சகர் ஹில்டன் கிரேமர், தத்தி வேஷம் போடும் பிரபு என்று தலைப்பிலேயே அடித்தார். பழைய தோழர்களில் டி கூனிங் போன்ற வெகு சிலர்தான் கட்டிக்கொண்டு பாராட்டினார்கள். இது சுதந்திரம் பற்றியது என்று டி கூனிங்குக்கு அங்கேயே புரிந்துவிட்டது.

ஃபெல்ட்மனுக்குப் புரியவில்லை. புதுப் படத்தின் முன் நிறுத்தி, எப்படி இருக்கிறது என்று கஸ்டன் கேட்டார். ஃபெல்ட்மன் உடனே பதில் சொல்லாமல் பார்த்துக்கொண்டே நின்றார், இன்னும் கொஞ்ச நேரம் பார்க்கிறேன் என்றார். அந்த அரை நிமிடத் தயக்கத்தில் எங்கள் நட்பு முடிந்தது என்று அவரே பின்னாளில் சொன்னார். மௌனத்தையே தொழிலாக வைத்திருந்தவருக்கு மௌனத்தாலேயே வந்த வினை. அதன்பின் இருவரும் பேசிக்கொள்ளவில்லை.

வழக்கமாக இந்தக் கதையை இங்கேயே நிறுத்தி, நட்பின் சோகமாக முடித்துவிடுவார்கள். எனக்கு அதைவிட அந்த ஒன்றிரண்டு வருடக் கணக்குதான் முக்கியமாகத் தெரிகிறது. 1970-ல் கஸ்டன் அரூபத்துக்குள் ஒரு செருப்பைக் கொண்டுவந்தார். 1971-ல் ஃபெல்ட்மன் அரூபத்துக்குள் ஒரு மெட்டைக் கொண்டுவந்தார். இரண்டும் ஒரே காரியம்: இளமையில் தனக்குத் தெரிந்திருந்த ஓர் உருவத்தை, இடையில் வந்த அத்தனை துறவையும் தாண்டி எடுத்துப் பரப்பில் வைப்பது. தன் தாளில் செய்ய முடிந்ததை நண்பனின் கித்தானில் ஃபெல்ட்மனால் பார்க்க முடியவில்லை. காரணம், அவர் ஓவியத்திலிருந்து கற்றது ஒரு வேலைப் பழக்கம் என்று நான் மேலே சொன்னேன். அந்தப் பழக்கத்தோடு சேர்த்து, ஓவியம் இப்படித்தான் இருக்கும் என்ற ஒரு படமும் அவருக்குள் உறைந்துவிட்டிருந்தது. கஸ்டன் அவருக்கு 50-களின் கஸ்டனாகவே தேவைப்பட்டார், அந்தக் கஸ்டன் மேல் தன் இசையே நின்றுகொண்டிருந்ததால்.

1978-ல் கஸ்டன் ஒரு படம் வரைந்தார்: ‘நண்பன் – எம்.எஃப்.-க்கு’. பேச்சு வார்த்தை இல்லாத காலம். படம் முழுக்க ஒரு பெரிய தலை, பெரிய காது, வாயில் சிகரெட். ஃபெல்ட்மனுக்குப் பிடிக்காத அதே கேலிச்சித்திரக் கையால் வரைந்த ஃபெல்ட்மன். இப்போது டி மொய்ன் கலை மையத்தில் இருக்கிறது. 1980 ஜூனில் கஸ்டன் இறந்தார். தன் இறுதிச் சடங்கில் யூதர்களின் காடிஷ் பிரார்த்தனையை ஃபெல்ட்மன்தான் சொல்ல வேண்டும் என்று அவர் விரும்பியிருந்தார். ஃபெல்ட்மன் சொன்னார்.

‘ஃபிலிப் கஸ்டனுக்காக’ 1984-ல் எழுதியது. மூன்று பேர் வாசிப்பது: புல்லாங்குழல் வகைகள், பியானோவும் செலஸ்டாவும், உலோக, மரத் தாளக் கருவிகள். நீளம் சுமார் நாலரை மணி நேரம். இடைவேளை கிடையாது. தொடக்கத்தின் நாலு ஸ்வரங்களில் கேஜ் என்ற பெயரின் எழுத்துகளை ஒளித்து வைத்தார், இருவரையும் அறிமுகப்படுத்தியவர் அவர் என்பதால். அந்த நாலு ஸ்வரம் மணிக்கணக்கில் திரும்ப வருகிறது, ஒவ்வொரு முறையும் எங்கேயோ ஒரு மயிரிழை மாறி. இதே இடத்தை முன்னால் கேட்டோமா இல்லையா என்று ஒன்றரை மணி நேரத்துக்குப் பிறகு சொல்லவே முடியாது. அரை நிமிடம் பார்த்ததற்குப் போன நட்புக்கு, நாலரை மணி நேரம் பார்த்துக்கொண்டிருக்கும் பதில்.

பெயரில்லாத நெசவாளர்கள்

70-களின் பிற்பகுதியிலிருந்து அவருடைய கண் ஓவியர்களிடமிருந்து கம்பளங்களுக்குப் போனது. துருக்கியின் அனடோலியப் பகுதி நாடோடிகள் நெய்தவற்றை வாங்கிச் சேர்க்க ஆரம்பித்தார். நூலைச் சிறு சிறு அளவாகச் சாயம் தோய்ப்பதால் ஒரே சிவப்பு ஓரடி தள்ளி வேறு சிவப்பாக நிற்கும், நெய்பவர்கள் அதைத் திருத்துவதில்லை. இரு பக்கமும் ஒன்றுபோல இருக்க வேண்டிய பூவேலை கடைசியில் இடம் போதாமல் நெருங்கிவிடும், அதையும் விட்டுவிடுவார்கள். 1983-ல் எழுதிய ‘கிரிப்பிள்ட் சிமெட்ரி’ இந்த முடமான சமச்சீரை அப்படியே தலைப்பில் வைத்திருக்கிறது: மூன்று கருவிகளும் ஒரே பக்கத்தில் இருந்தாலும் ஒன்றோடொன்று நேராக இணையாது. ஜாஸ்பர் ஜான்ஸ் 70-களில் வரைந்த குறுக்குக்கோட்டு ஓவியங்களையும் இதோடு சேர்த்து யோசித்து, அதே பெயரில் ஒரு கட்டுரையும் எழுதினார்.

இந்தக் கட்டத்தில் நீளம் எகிறியது. 1983-ன் இரண்டாம் நால்வர் தந்திக்குழுப் படைப்பு, 124 பக்கம், ஆறு மணி நேரத்தை ஒட்டி ஓடும். ஒரு மணி நேரம்வரை வடிவத்தைப் பற்றி யோசிக்கலாம், அதற்கு மேல் போனால் அளவுதான் விஷயம் என்பது அவர் கட்சி. பொல்லாக்கின் பெரிய கித்தானுக்கு முன்னால் நிற்பவர் அதைப் பார்ப்பதில்லை, அதற்குள் இருக்கிறார். முப்பது வருடம் கழித்து அந்தப் பாடம் முழுதாக இசைக்கு வந்து சேர்ந்தது.

ஒரு எச்சரிக்கையும் சொல்லிவிடுகிறேன். இந்த ஆய்வுக்கான சாட்சியத்தில் பெரும்பகுதி ஃபெல்ட்மனின் சொந்த வாயிலிருந்து வந்தது. அவர் அபாரமான கதைசொல்லி, தன் இளமையைத் தானே சட்டமிட்டு மாட்டிக்கொண்டவர். ஆனால் தாள்கள் இருக்கின்றன, ஓவியங்கள் இருக்கின்றன. 2010-ல் டப்ளினில் உள்ள அயர்லாந்து நவீன கலை அருங்காட்சியகம் ஃபெல்ட்மனும் காட்சிக் கலைகளும் என்ற பொருளில் ஒரு முழுக் கண்காட்சி நடத்தியது. ஓர் இசையமைப்பாளரை மையமாக வைத்துச் சுவர்களை நிரப்பும் அளவுக்குப் பொருள் இருந்தது என்றால், கதைகளைக் கழித்தாலும் உறவு மிஞ்சுகிறது.

அப்புறம், புதிதாகக் கேட்கப் போகிறவர்களுக்கு. ‘ராத்கோ சேப்பல்’ முதலில், ஹெட்ஃபோன் இல்லாமல், அறையில் ஓடவிட்டு. பிறகு ‘புரொஜெக்‌ஷன் 1’. முடிந்தால் அதன் தாளைக் கண்முன் வைத்துக்கொண்டு கேளுங்கள், மூன்று நிமிடத்துக்குள் முடிந்துவிடும். ‘ஃபிலிப் கஸ்டனுக்காக’வுக்கு ஒரு விடுமுறை நாளை ஒதுக்க வேண்டும். நடுவில் எழுந்து போய்ச் சமைத்துவிட்டு வந்தாலும் பாதகமில்லை, ஆனால் ஒலியளவை மட்டும் கூட்டாதீர்கள்.